ஆவணப்படமா, குறும்படமா, வாடகை எங்கிருந்து வரும்?

ஆவணப்படம் எடுக்கலாமா, குறும்படம் எடுக்கலாமா, ஃபிலிம் ஸ்கூலுக்குப் போகலாமா, இல்லை யாரிடமாவது உதவியாளராகச் சேரலாமா என்று கேட்கிறவர்கள் பெரும்பாலும் எந்த வழியில் போனால் நல்ல இயக்குநர் ஆகலாம் என்றுதான் யோசிக்கிறார்கள். நல்ல இயக்குநர்கள் எல்லா வழியிலிருந்தும் வந்திருக்கிறார்கள், அதை வைத்து எதையும் முடிவு செய்ய முடியாது. ஒரு படத்துக்கும் அடுத்த படத்துக்கும் நடுவே இரண்டு வருடமோ நான்கு வருடமோ ஓடிவிடும். அந்த இடைவெளியில் வாடகை எங்கிருந்து வரும், எடுத்து முடித்த படம் யாருக்குச் சொந்தம், இந்த இரண்டையும் வைத்து ஒவ்வொரு வழியையும் பார்த்தால் வித்தியாசம் பளிச்சென்று தெரியும். நான் அப்படித்தான் பார்க்கிறேன்.

முதலில் குறும்படம். ஆஸ்கர் விதிப்படி டைட்டில்கள் உட்பட 40 நிமிடத்துக்குள் அடங்கினால் அது குறும்படம். பெரும்பாலான விழாக்களில் அதைவிடக் குறைவாக வைத்திருப்பார்கள், நடைமுறையில் பதினைந்து நிமிடத்தைத் தாண்டினாலே தேர்வு செய்கிறவர்கள் தயங்குவார்கள், ஏனென்றால் ஒன்றரை மணி நேரக் காட்சியில் ஐந்தாறு படங்களை அடுக்க வேண்டிய கவலை அவர்களுக்கு. குறும்படத்துக்குச் சந்தை என்று ஒன்று இல்லாமல் இல்லை. பிரான்சில் க்ளெர்மோன்-ஃபெரான் விழாவோடு சேர்ந்து குறும்படங்களுக்கென்றே ஒரு சந்தை நடக்கிறது, ஆர்ட்டே மாதிரி சில தொலைக்காட்சிகள் குறும்படங்களை வாங்குகின்றன. ஆனால் அங்கே விற்றுக் கிடைப்பது அடுத்த படத்துக்கு ஒரு கை கொடுக்குமே தவிர, அதை நம்பிக் குடும்பம் நடத்த முடியாது. புனைவுக் குறும்படத்தில் பணம் ஏறக்குறைய ஒரே திசையில்தான் போகும், உங்கள் பையிலிருந்து வெளியே.

அப்படியானால் ஏன் எடுக்கிறார்கள்? முழுநீளப் படத்துக்கான நுழைவுச் சீட்டாக. அது நடக்கவும் செய்கிறது. ஹாலிவுட் இயக்குநர் டேமியன் சாஸெல் 'விப்லாஷ்' முழுநீளத் திரைக்கதையை எழுதி வைத்துக்கொண்டு, முதலீட்டாளர்களை நம்ப வைப்பதற்காக அதிலிருந்து ஒரு பகுதியை மட்டும் குறும்படமாக எடுத்தார். 2013இல் அது அமெரிக்காவின் சன்டான்ஸ் திரைப்பட விழாவில் பரிசு வாங்கியது, அடுத்த வருடமே முழுப் படம் அதே விழாவில் திரையிடப்பட்டது. நம் பக்கத்தில் கலைஞர் தொலைக்காட்சியின் 'நாளைய இயக்குநர்' நிகழ்ச்சிக்குக் குறும்படங்கள் எடுத்த பாலாஜி மோகன், கார்த்திக் சுப்பராஜ், நலன் குமரசாமி ஆகியோரின் முதல் முழுநீளப் படங்கள் 2012, 2013 வருடங்களில் அடுத்தடுத்து வெளிவந்தது எல்லோருக்கும் தெரியும். ஆனால் சாஸெல் விஷயத்தில் கவனிக்க வேண்டியது வேறு: குறும்படத்தைப் பார்த்து ஒருவர் 'அடுத்து என்ன வைத்திருக்கிறீர்கள்' என்று கேட்டால் நீட்டுவதற்கு அவரிடம் முழுத் திரைக்கதை தயாராக இருந்தது. அந்தக் கேள்வி வரும்போது 'யோசித்துக்கொண்டிருக்கிறேன்' என்று சொன்னால் அந்தச் சந்திப்பு அங்கேயே முடிந்தது, ஆறு மாதம் கழித்துத் திரைக்கதையோடு போனால் அவருக்கு உங்கள் முகமே ஞாபகம் இருக்காது. ஆகவே கையில் முழுநீளத் திரைக்கதை இல்லாமல் குறும்படத்தில் சேமிப்பைக் கொட்டுவதை நான் யாருக்கும் சொல்ல மாட்டேன். பயிற்சிக்காக எடுப்பதென்றால் சரி, எடுங்கள், ஆனால் பயிற்சிக்கு ஆகிற செலவில் எடுங்கள்.

இன்னொரு விஷயத்தையும் சேர்த்துக்கொள்ளுங்கள். புனைவுக் குறும்படம் பத்துப் பதினைந்து பேர் ஒரே நாளில், ஒரே இடத்தில், நேரத்துக்கு வந்து நின்றால்தான் நடக்கும். முதல் படத்துக்கு நண்பர்கள் சும்மா வருவார்கள். இரண்டாவதுக்கும் வருவார்கள், கொஞ்சம் தாமதமாக. மூன்றாவது படத்துக்குள் அவர்களுக்கும் கல்யாணம், வேலை, கடன் எல்லாம் வந்திருக்கும், நியாயமாகச் சம்பளம் கேட்பார்கள். நட்பை நம்பிப் போடும் பட்ஜெட் இரண்டு படத்துக்கு மேல் தாங்காது.

ஆவணப்படத்தில் கணக்கு தலைகீழ். தொடங்குவதற்குக் காசு அதிகம் வேண்டாம். ஒரு கேமரா, ஒரு நல்ல மைக், அடிக்கடி போய்வர நேரம், இவை போதும். முடிப்பதற்குத்தான் செலவு, எப்போது முடியும் என்பதும் உங்கள் கையில் இல்லை. சிகாகோவில் இரண்டு பள்ளி மாணவர்களின் கூடைப்பந்துக் கனவைத் தொடர்ந்த 'ஹூப் ட்ரீம்ஸ்' பொதுத் தொலைக்காட்சிக்கான அரை மணி நேரப் படமாகத்தான் தொடங்கியது. ஐந்து வருடம் படம்பிடித்து, 250 மணி நேர ஃபுட்டேஜ் சேர்ந்து, 1994இல் மூன்று மணி நேரத்துக்குக் கொஞ்சம் குறைவான படமாக வந்து நின்றது. அந்த 250 மணி நேரத்தை ஒருவர் உட்கார்ந்து முழுவதும் பார்க்கவே, நாளுக்கு எட்டு மணி நேரம் என்று வைத்தாலும், ஒரு மாதம் ஆகும். வெட்டுவது அதற்கப்புறம்தான். இதை எந்த பட்ஜெட் தாளில் எழுதுவீர்கள்?

ஆனால் குறும்படத்துக்கு அவ்வளவாக இல்லாத ஒன்று ஆவணப்படத்துக்கு உண்டு: படம் முடிவதற்கு முன்பே பணம் கேட்பதற்கு இடங்கள். ஆம்ஸ்டர்டாமில் நடக்கும் இட்ஃபா ஆவணப்பட விழாவின் பெர்த்தா நிதி ஆசியா, ஆப்பிரிக்கா, லத்தீன் அமெரிக்கா போன்ற பகுதிகளில் படம் எடுக்கிறவர்களுக்கென்றே இருக்கிறது. சன்டான்ஸ் அமைப்புக்கு ஓர் ஆவணப்பட நிதி உண்டு. இட்ஃபா, ஹாட் டாக்ஸ் போன்ற விழாக்களில் தொலைக்காட்சிக்காரர்கள், நிதி கொடுப்பவர்கள் முன்னால் நின்று சில நிமிடங்களில் படத்தைச் சொல்லி முதலீடு கேட்கும் பிட்ச் அரங்குகள் நடக்கின்றன. கேட்கக் கவர்ச்சியாக இருக்கும். ஆனால் நிதி விண்ணப்பம் எழுதுவது தனி உத்தியோகம். ட்ரீட்மென்ட் (படம் எப்படி இருக்கும் என்று விவரித்து எழுதியது), சில நிமிட மாதிரிக் காட்சிகள், பட்ஜெட், மீதிப் பணம் எங்கிருந்து வரும் என்ற திட்டம் எல்லாம் கேட்பார்கள், எல்லாமே அவர்கள் மொழியில், அவர்கள் வடிவத்தில். எழுதிக் கொடுத்துவிட்டு மாதக்கணக்கில் காத்திருந்து, 'இந்த முறை இல்லை' என்று வரும் மின்னஞ்சலைப் படித்துவிட்டு மறுபடியும் எழுத வேண்டும். ஒருவர் பணம் போட்டால் அடுத்தவர் போடுவார், முதல் ஆள் கிடைப்பதுதான் கஷ்டம். தொலைக்காட்சி உள்ளே வந்தால் அவர்கள் நேரக்கட்டுக்கு ஏற்ப 52 நிமிடத்தில் ஒரு வடிவம் கேட்பார்கள், உங்கள் படம் 85 நிமிடத்தில்தான் மூச்சுவிடுகிறது என்றால் இரண்டு எடிட் செய்ய வேண்டியிருக்கும், இரண்டாவதற்கான செலவை முதலிலேயே பட்ஜெட்டில் எழுதியிருக்க வேண்டும்.

இந்த இரண்டுக்கும் நடுவே குறும் ஆவணப்படம் இருக்கிறது. தொடங்குகிறவர்களுக்கு எனக்குப் பிடித்த வழி அதுதான். நியூயார்க் டைம்ஸ் 2011இலிருந்து 'ஆப்-டாக்ஸ்' என்ற பெயரில் வெளியாட்களின் குறும் ஆவணப்படங்களை வெளியிட்டு வருகிறது, அதன் பிறகு வேறு பத்திரிகைகளும் இணையத் தளங்களும் அந்தப் பக்கம் வந்தன. ஆக, காசு கொடுத்து வாங்க ஆள் இருக்கிற குறும்படம் என்றால் பெரும்பாலும் இதுதான். ஒருவரோ இருவரோ சேர்ந்து எடுத்துவிடலாம், நடிகர் தேதி என்ற பிரச்சினை இல்லை, ஒரு வருடத்துக்குள் முடிந்துவிடும். பின்னாளில் நிதி விண்ணப்பத்தில் 'முன்பு எடுத்தது' என்ற கட்டத்தில் போடவும் கையில் ஒன்று இருக்கும். ஆனால் எதைப் படம்பிடிக்கிறீர்கள் என்பது இங்கே எல்லாவற்றையும்விட முக்கியம். உங்களால் மட்டும் உள்ளே போக முடிகிற வீடு, தொழில், ஊர் ஏதாவது உண்டா? உண்டென்றால் அதுதான் உங்கள் முதலீடு, உங்களைவிடப் பத்து மடங்கு நல்ல கேமரா வைத்திருப்பவருக்கும் அது கிடைக்காது.

சரி, இனி வாடகைக்கு வருவோம்.

ஃபிலிம் ஸ்கூல். பிராகாவின் ஃபாமு 1946இலும் புனே திரைப்படக் கல்லூரி 1960இலும் தொடங்கியவை, இப்போது ஆவணப்படத்துக்கென்றே மூன்று நாடுகளில் மாறி மாறிப் படிக்கும் டாக்நோமாட்ஸ் மாதிரி முதுகலைப் படிப்புகூட இருக்கிறது. கேமராவையும் மென்பொருளையும் கற்றுக்கொள்ள அங்கே போக வேண்டியதில்லை, அதற்கு இணையம் போதும். அங்கே கிடைப்பது வேறு: உங்கள் படத்தை வாராவாரம் தாட்சண்யமில்லாமல் பிரித்துப் போடும் ஆட்கள், பின்னாளில் உங்களோடு வேலை செய்யப்போகும் ஒளிப்பதிவாளர், சவுண்டு ஆள், எடிட்டர், அப்புறம் தோற்பதற்குச் சில வருட அவகாசம். இதற்கு மதிப்பு உண்டு. கடன் வாங்கிப் போகிற மதிப்பு உண்டா என்றால், என் அபிப்பிராயத்தில் இல்லை. படிப்பு முடிந்த கொஞ்ச நாளிலேயே தவணை கட்டத் தொடங்க வேண்டும், ஆவணப்படத்தில் மாதாமாதம் வருகிற வருமானம் கிடையாது, ஆகவே கட்டுவதற்காகக் கிடைத்த வேலையில் உட்காருவீர்கள், எந்தப் படத்துக்காகப் படித்தீர்களோ அது தள்ளிப்போகும். உதவித்தொகை கிடைத்தால், அல்லது கட்டணம் குறைவான அரசு நிறுவனத்தில் இடம் கிடைத்தால், யோசிக்காமல் போங்கள்.

உதவி இயக்குநராகச் சேர்வது முழுநீளப் படம்தான் இலக்கு என்றால் நல்லது, செட்டை நடத்தும் வித்தை வேறெங்கும் வராது. ஆவணப்படக்காரருக்கு அதனால் பெரிய லாபமில்லை.

தொலைக்காட்சி, செய்தி நிறுவனம். மாதச் சம்பளம், வேகம், தகவலைச் சரிபார்க்கும் பழக்கம், சட்டப் பிரிவோடு சண்டை போட்டுப் பழகுவது, இவையெல்லாம் நல்ல ஆஸ்தி. ஆனால் நீங்கள் எடுப்பது ஒவ்வொன்றும் நிறுவனத்தின் சொத்து, பல இடங்களில் வெளியே சொந்தமாக எதுவும் எடுக்கக் கூடாது என்றும் ஒப்பந்தத்தில் இருக்கும். அதைவிட மோசம், கை பழகிவிடுகிற அச்சு. பின்னணிக் குரல், நிபுணர் பேட்டி, நடுவே ஒட்டுப்போட நான்கு ஷாட், மறுபடி பின்னணிக் குரல். ஐந்து வருடம் அப்படி எடுத்தவருக்கு ஓர் ஆள் சும்மா உட்கார்ந்திருப்பதை ஒரு நிமிடம் வெட்டாமல் பார்க்கும் பொறுமை போய்விடும். போனது திரும்பி வர நாளாகும்.

நிறுவனங்களுக்கும் தொண்டு அமைப்புகளுக்கும் படம் செய்து கொடுப்பது நான்காவது. இதை மட்டமாகப் பேசுகிறவர்களுக்கு ஆவணப்படத்தின் வரலாறு தெரியாது என்றுதான் சொல்ல வேண்டும். ஆவணப்பட முன்னோடி ஃப்ளாஹர்ட்டி 1922இல் வெளியிட்ட 'நானூக்' படத்துக்குப் பணம் போட்டது ரெவியோன் ஃப்ரேர் என்ற ரோமத்தோல் வியாபார நிறுவனம். பிரிட்டிஷ் ஆவணப்பட இயக்கத்தைத் தொடங்கிய கிரியர்சனின் குழு பிரிட்டிஷ் அரசின் வணிக விளம்பர வாரியத்துக்கும் பிறகு அஞ்சல் துறைக்கும் படம் எடுத்தது. பிரெஞ்சு இயக்குநர் அலென் ரெனே 1958இல் ஒரு தொழில் நிறுவனத்துக்காகப் பிளாஸ்டிக் தயாரிப்பைப் பற்றி எடுத்த படத்தை இன்றும் போட்டுக் காட்டுகிறார்கள். ஆகவே வெட்கப்பட ஒன்றுமில்லை. வேலை ஓரளவு நல்ல காசு கொடுக்கும், சின்ன வேலையிலும் ஒளி, சவுண்டு, கலரிங் என்று கை தேறும்.

ஆனால் தொண்டு அமைப்புகளுக்குப் படம் எடுக்கும்போது ஒரு சங்கடம் இருக்கிறது, அதைப் பற்றி யாரும் போதுமான அளவு பேசுவதில்லை. உதவி பெறுகிற ஒருவரை, உதவி கொடுக்கும் அமைப்பின் ஊழியர் பக்கத்தில் நிற்கும்போது கேமரா முன் உட்கார வைத்து, 'படம் எடுக்கலாமா' என்று கேட்கிறோம். அவர் முடியாது என்று சொல்லக்கூடிய நிலையிலா இருக்கிறார்? சம்மதக் கடிதத்தில் கையெழுத்து வாங்கிவிட்டோம் என்பதால் சம்மதம் வாங்கிவிட்டதாக ஆகிவிடாது. இந்த வேலையை எடுப்பதாக இருந்தால், படம்பிடிக்கும் முன் ஊழியர் இல்லாத நேரத்தில் தனியாகப் பேசவும், பிறகு அவர் மனம் மாறினால் காட்சியை எடுத்துவிடவும் ஏற்பாடு உண்டா என்று முதலிலேயே கேளுங்கள். கேட்டதற்கு முகம் சுளிக்கும் அமைப்போடு வேலை செய்யாமல் இருப்பது நல்லது. இதில் நடைமுறை லாபமும் உண்டு: அந்த மனிதரைப் பற்றி நாளைக்கு நீங்கள் சொந்தமாக நீண்ட படம் எடுக்க நினைத்தால், முதல் நாள் எப்படி நடந்துகொண்டீர்கள் என்பதை அவர் மறந்திருக்க மாட்டார்.

எடிட்டிங் வேலை ஐந்தாவது. என்னைக் கேட்டால் ஆவணப்படக்காரருக்கு இருக்கிற பிழைப்புகளில் இதுதான் உருப்படியானது. மற்றவர்களின் ஃபுட்டேஜை வெட்டும்போது எந்த ஷாட் இல்லாமல் திண்டாடுகிறோம், எந்தக் கேள்வியை எப்படிக் கேட்டதால் பதில் பயனில்லாமல் போனது, அறையின் வெறும் சத்தத்தை ஒரு நிமிடம் பதிவு செய்யாமல் வந்ததால் என்ன ஆனது என்று எல்லாம் அடுத்தவர் செலவில் கற்றுக்கொள்ளலாம். அதுமட்டுமில்லை, ஆவணப்படத்தின் திரைக்கதை எழுதப்படுவதே எடிட்டிங் மேசையில்தான். அமெரிக்க ஆவணப்பட இயக்குநர் ஃப்ரெடரிக் வைஸ்மன் தன் படங்களைத் தானே வெட்டினார், அவருக்குப் படப்பிடிப்பு சில வாரங்களில் முடிந்துவிடும், எடிட்டிங் பல மாதம் இழுக்கும். எடிட்டர் ஊரை விட்டுப் போக வேண்டியதில்லை என்பதும் சின்ன விஷயமில்லை. ஒளிப்பதிவாளராகப் பிழைத்தால் உங்கள் சொந்தப் படத்தின் நாயகர் வீட்டில் முக்கியமான ஒன்று நடக்கும் நாளில் நீங்கள் வேறு ஊரில் வேறொருவருக்காகக் கேமரா பிடித்துக்கொண்டிருப்பீர்கள், வாங்கிப் போட்ட கேமரா வேறு இரண்டே வருடத்தில் பழசாகிவிடும். எடிட்டிங்கின் கெடுதல் என்னவென்றால், முதுகும் கண்ணும் போகும், அப்புறம் பகல் முழுக்க அடுத்தவர் படத்தை வெட்டிவிட்டு இரவில் உங்கள் படத்தைத் திறந்தால் மூளை ஒத்துழைக்காது. ஒன்றை முடித்துவிட்டு இன்னொன்று என்று மாதக்கணக்கில் பிரித்துக்கொண்டால்தான் நடக்கும். சவுண்டு பதிவு தெரிந்தவர்களுக்கு இதே மாதிரி ஒரு வழி திறந்திருக்கிறது, ஆனால் ஏனோ அந்தப் பக்கம் போகிறவர்கள் குறைவு.

சினிமாவுக்குச் சம்பந்தமே இல்லாத வேலை கடைசி. வைஸ்மன் சட்டம் கற்பித்தார், இன்னொரு அமெரிக்க ஆவணப்படக்காரர் ஆல்பர்ட் மேஸல்ஸ் உளவியல் கற்பித்தார், மேலே சொன்ன கார்த்திக் சுப்பராஜ் மென்பொருள் வேலையில் இருந்தவர். இதில் உங்கள் படத்தில் யாரும் மூக்கை நுழைக்க முடியாது, படம் நூறு சதவீதம் உங்களுடையது. நேரம்தான் கிடைக்காது. ஆகவே விடுமுறை நாட்களில் மட்டும் படம்பிடித்தாலும் நஷ்டமில்லாத விஷயத்தைத் தேர்ந்தெடுக்க வேண்டும். மெதுவாக மாறுகிற ஓர் இடம், வயதாகிக்கொண்டிருக்கும் ஒருவர், வாரம் ஒருமுறை கூடும் ஒரு குழு. வேலைநிறுத்தம், தேர்தல், வழக்கு மாதிரி திடீரென்று நடப்பவற்றை இந்த வழியில் பிடிக்க முடியாது.

இனி சொந்தம் யாருக்கு என்ற கேள்வி. வைஸ்மன் 1971இல் ஸிபோரா ஃபிலிம்ஸ் என்று சொந்தமாக விநியோக நிறுவனம் தொடங்கித் தன் படங்களை நூலகங்களுக்கும் பல்கலைக்கழகங்களுக்கும் தானே கொடுத்தார். ஐம்பது வருடங்களுக்கு முந்தைய படமும் அப்படித் தொடர்ந்து ஏதோ சம்பாதித்துக் கொடுக்கும். இதற்கு எதிர்ப்பக்கம், அமெரிக்கக் கறுப்பின மக்களின் சம உரிமைப் போராட்டத்தைப் பற்றிய 'ஐஸ் ஆன் தி ப்ரைஸ்' தொடர். 1987இல் ஒளிபரப்பாகிக் கொண்டாடப்பட்டது, பிறகு அதிலிருந்த பழைய செய்திப் படங்களுக்கும் பாடல்களுக்கும் வாங்கிய அனுமதி காலாவதியாகிவிட, புதுப்பிக்கப் பணம் திரட்டி 2006இல்தான் மறுபடி தொலைக்காட்சிக்கு வர முடிந்தது. பழைய காட்சிகளையும் பாட்டுகளையும் நம்பி நிற்கும் படம் எடுக்க நினைப்பவர்கள் அதற்கான செலவை முதலிலேயே விசாரிக்க வேண்டும், இல்லையென்றால் பாடல்கள் ஒலிக்காத வேறு விஷயத்துக்குப் போவது மேல். பின்னணியில் டீக்கடை ரேடியோவில் ஓடும் பாட்டுக்கும் விநியோகஸ்தர் அனுமதிக் கடிதம் கேட்பார்.

படம் முடிந்ததும் யூடியூபில் போடுவதா, விழாக்களுக்கு அனுப்புவதா என்பதையும் எடுக்கும்போதே முடிவு செய்துவிடலாம். பல விழாக்கள் முதல் திரையிடல் தங்களுடையதாக இருக்க வேண்டும் என்று கேட்கும், இணையத்தில் வந்த படத்தைத் தொடாத விழாக்களும் உண்டு. அதற்காக விழாக்களுக்கு விண்ணப்பக் கட்டணம் கட்டிக்கொண்டு இரண்டு வருடம் படத்தைப் பூட்டி வைப்பதும் சரியில்லை. நாலைந்து விழாக்களைக் குறிவைத்து, ஒரு வருடத்துக்குள் நடக்கவில்லை என்றால் இணையத்தில் விட்டுவிடுவது எனக்கு நியாயமாகப் படுகிறது. உள்ளூர் பிரச்சினை ஒன்றைப் பற்றிய படம் என்றால் அந்த ஒரு வருடம்கூடத் தாமதம்தான், அதை முதலில் அந்த மக்கள் பார்க்கட்டும்.

இதில் எந்த வழியில் போனாலும் முதல் சம்பள வேலைக்குக் கையெழுத்துப் போடும் முன் மூன்று வரிகளைத் தேடுங்கள். படத்தில் சேர்க்காமல் வெட்டிப்போட்ட ஃபுட்டேஜ் யாருக்குச் சொந்தம், அதை உங்கள் படத்தில் பயன்படுத்தலாமா என்பது ஒன்று. எத்தனை திருத்தம் வரை பேசிய தொகைக்குள் அடங்கும் என்பது இரண்டு. இது எழுதப்படாவிட்டால் பன்னிரண்டாவது திருத்தத்தை நள்ளிரவில் செய்துகொண்டிருப்பீர்கள். கடைசித் தவணை எப்போது என்பது மூன்று. 'படம் ஒப்புதல் பெற்றபின்' என்று எழுதியிருந்தால், ஒப்புதல் தரவேண்டியவர் விடுப்பில் போய்விட்டால் உங்கள் பணமும் அவரோடு போய்விடும், அதற்குப் பதிலாக 'முதல் வெட்டு கொடுத்த 30 நாட்களுக்குள்' என்று மாற்றச் சொல்லுங்கள். பெரும்பாலும் மறுப்பில்லாமல் மாற்றித் தருவார்கள், யாரும் கேட்பதில்லை என்பதால்தான் அந்த வரி அப்படியே இருக்கிறது.